எட்ஜர் பெல்ட்: பெங்களூரில் கிடைக்கும் நாலு வகையில் எது தேறும்?

புல்தரை ஓரத்தை வெட்டும் பெட்ரோல் எட்ஜரில் பெல்ட்டுக்கு இரண்டு வேலை. எஞ்சின் சுழற்சியைப் பிளேடுக்குக் கொண்டுபோவது ஒன்று. கிளட்ச்சாகவும் அதுவே உழைப்பது இன்னொன்று. லீவரை இழுத்தால் பெல்ட் இறுகும், பிளேடு சுற்றும். விட்டால் தளரும், பிளேடு நிற்கும். நடுவில் கிளட்ச் தட்டோ கியரோ எதுவும் கிடையாது. கடைக்குப் போய் "அரை இன்ச் பெல்ட், முப்பத்தொண்ணு ஒண்ணு குடுங்க" என்று வாங்கி வருகிறவர்கள் பெரும்பாலும் இந்த இரண்டாவது வேலையைக் கணக்கில் எடுப்பதில்லை. மாவு மில்லிலும் கம்ப்ரெஸரிலும் வருஷக்கணக்கில் உழைக்கிற அதே பெல்ட் எட்ஜரில் ஒரே மழைக்காலத்தில் கருகுவதற்கு இதுதான் காரணம். அங்கெல்லாம் அது இறுகியபடியே ஓடுகிறது. இங்கே நாளுக்கு நூறு தடவை வழுக்கிப் பிடிக்க வேண்டியிருக்கிறது.

இங்கே பார்ப்பது தள்ளிக்கொண்டு போகும் சக்கர எட்ஜர். வில்லா லேஅவுட், ஐடி வளாகம், கோல்ஃப் மைதானம் என்று புல்தரை ஓரத்தைக் கோடு போட்ட மாதிரி வைத்திருக்க வேண்டிய இடங்களில் ஓடுவது. மெக்லேன், கிராஃப்ட்ஸ்மேன், பவர் டிரிம் மாதிரி அமெரிக்க மெஷின்கள், 9 அல்லது 10 அங்குல பிளேடு, பிரிக்ஸ் அண்ட் ஸ்ட்ராட்டன் அல்லது ஹோண்டா எஞ்சின். தோளில் மாட்டும் பிரஷ் கட்டரின் நுனியில் எட்ஜர் தலை பூட்டியிருந்தால் அதில் பெல்ட்டே கிடையாது, குழாய்க்குள் ஓடுவது ஷாஃப்ட். அது வைத்திருப்பவர்களுக்கு இந்த அலசல் தேவைப்படாது.

கவரைக் கழற்றிப் பெல்ட் ஓடும் இடத்தை ஒரு முறை நிதானமாகப் பார்த்துவிட்டால் பாதிக் குழப்பம் தீரும். எஞ்சின் ஷாஃப்ட்டில் சின்ன புல்லி, பிளேடு ஷாஃப்ட்டில் இன்னொன்று, இடையில் லீவரோடு அசையும் ஐட்லர் புல்லி, அதை இழுத்துப் பிடிக்க ஒரு ஸ்பிரிங். எஞ்சின் புல்லியை ஒட்டி விரல் மாதிரி ஒன்றோ இரண்டோ கம்பி நிற்கும். முழு வேகத்தில் எஞ்சின் நிமிஷத்துக்கு 3000 சுற்றுக்கு மேல் ஓடும். லீவரை விட்ட நிலையிலும் புல்லி சுற்றிக்கொண்டேதான் இருக்கும். தளர்ந்த பெல்ட் தன் விறைப்பால் காடியை, அதாவது புல்லியின் பள்ளத்தை, விட்டு லேசாக எழும். எழுந்தது புல்லியை விட்டே எகிறிப் போகாமல் அந்தக் காவல் கம்பி தடுத்து வைக்கும். பெல்ட்டுக்கும் கம்பிக்கும், லீவர் இழுத்த நிலையில், ஒரு நூல் (இன்ச்சில் எட்டில் ஒரு பங்கு) இடைவெளி இருந்தால் போதும். கம்பி வளைந்து பெல்ட்டை உள்நோக்கி அழுத்தினால் லீவரை விட்ட பிறகும் பிளேடு ஊர்ந்துகொண்டே இருக்கும். எவ்வளவு விலை கொடுத்துப் பெல்ட் வாங்கினாலும் அதை நிறுத்த முடியாது.

நம்பர் விவகாரம்

இந்த மெஷின்களில் மிகுதியாக வருவது அரை இன்ச் பெல்ட். நம்ம பட்டறைக் கணக்கில் நாலு நூல் அகலம், ரெண்டரை நூல் தடிமன்; மில்லிமீட்டரில் சுமார் 13க்கு 8. அமெரிக்காவில் இதை 4எல் என்பார்கள், இங்கே ஏ செக்‌ஷன். பெரும்பாலான சிக்கல் முளைப்பது இந்த இடத்தில்தான். 4எல் பெல்ட்டின் எண் வெளிச் சுற்றளவு. ஏ பெல்ட்டின் எண் உள் சுற்றளவு. இரண்டுக்கும் வித்தியாசம் 50 மில்லிமீட்டர், அதாவது ஏறக்குறைய 2 இன்ச். மெஷின் புத்தகத்தில் 4எல்330 என்று இருந்தால் வெளிச் சுற்றளவு 33 இன்ச். இங்கே கேட்க வேண்டியது ஏ31. "முப்பத்திமூணு" என்று கேட்டு ஏ33 வாங்கி வந்தால் பெல்ட் 2 இன்ச் நீளம். மாட்டும்போது சுலபமாக ஏறிவிடும், அதுவே சந்தேகப்பட வேண்டிய விஷயம். லீவரை முழுக்க இழுத்தாலும் ஐட்லர் தன் எல்லையில் போய் நிற்குமே தவிரப் பெல்ட் இறுகாது. முதல் நாளே ரப்பர் கருகும் வாசனை வரும்.

கேட்ஸ் கம்பெனியின் பவர்ரேட்டட் வகைக்கு எண் வேறு மாதிரி. 68 என்று தொடங்கினால் அரை இன்ச் அகலம், கடைசி இரண்டு இலக்கம் வெளிச் சுற்றளவு இன்ச்சில். 6833 என்றால் 4எல்330 அளவுதான். சில சின்ன மெஷின்களில் மூணு நூல் அகலமுள்ள 3எல் வரும், அதற்கு 67 தொடக்கம். அகலத்தை அளக்காமல் நீளத்தை மட்டும் குறித்துக்கொண்டு கிளம்பாதீர்கள்.

பழைய பெல்ட்டின் முதுகில் எண் தேய்ந்துபோயிருந்தால் ஈரத் துணியால் துடைத்து, வெள்ளைச் சாக்பீஸைப் படுக்கையாகத் தேய்த்துப் பாருங்கள், பல சமயம் எழுத்து எழும். எழவில்லை என்றால் முதுகில் ஒரு கோடு கிழித்து, இன்ச் டேப்பை ஒட்டித் தரையில் ஒரு முழுச் சுற்று உருட்டி அளக்கலாம். உழைத்த பெல்ட் சற்று நீண்டிருக்கும் என்பதால் வரும் அளவுக்குக் கீழே அடுத்திருக்கும் எண்தான் பெரும்பாலும் சரி. அறுந்துபோன பெல்ட் என்றால் முனைகளைச் சேர்த்து வைத்து அளந்தால் போதும், அதில் சிரமமில்லை.

கடையில் ஏ31 இல்லை என்றால் எஸ்பிஏ வகையை நீட்டுவார்கள், "அதே அகலம்தான் சார்" என்று. அகலம் அதேதான், 12.7 மில்லிமீட்டர். ஆனால் ஆழம் 10 மில்லிமீட்டர், ஏ பெல்ட்டைவிட 2 அதிகம். தேய்ந்த ஏ காடியில் அது அடியில் உட்கார்ந்துவிடும். வி பெல்ட் பிடிப்பது பக்கச் சுவர்களால், அடியால் அல்ல. அடி தொட்டுவிட்டால் சுவர் பிடிப்பு போய்விடும், அப்புறம் அது வெறும் ரப்பர் வார்.

நாலு வகை, நாலு தீர்ப்பு

முதலில் எளிதில் கிடைப்பது: துணி சுற்றிய சாதாரண ஏ செக்‌ஷன். மதுரையில் ஆலை வைத்திருக்கும் ஜேகே ஃபென்னர், நாக்பூரின் பிக்ஸ், கேட்ஸ், மிட்சுபோஷி என்று எந்தப் பெல்ட் கடையிலும் தொங்கும். விலை சில நூறு ரூபாய்க்குள் முடிந்துவிடும். உள்ளே இழுவிசையைத் தாங்குவது பாலியெஸ்டர் கயிறு. இதை மோசம் என்று தள்ள முடியாது. வெளியே துணி உறை இருப்பதால் லீவரை இழுக்கும்போது வழுக்கிப் பிடிப்பது மென்மையாகவே நடக்கும். குறை இரண்டு. பிளேடு கல்லில் மோதும் திடீர் அதிர்ச்சியில் பாலியெஸ்டர் கொஞ்சம் கொஞ்சமாக நீளும். ஐட்லர் பெல்ட்டின் முதுகில் அழுத்தும் மெஷின்களில் பெல்ட் இரண்டு பக்கமும் மாறி மாறி வளைவதால் அடியில் விரிசல் சீக்கிரம் விழும். வாரத்துக்கு ஒரு முறை சொந்தத் தோட்டத்தின் ஓரத்தை மட்டும் வெட்டுகிறவருக்கு இதுவே போதும். காண்ட்ராக்ட் எடுத்துத் தினமும் ஓட்டுகிறவர் கையிருப்பாக ஒன்று வைத்துக்கொள்ளலாம், அவ்வளவுதான்.

இரண்டாவது, அராமிட் கயிறு போட்டு, துணி சுற்றி, புல்வெட்டும் மெஷின்களுக்கென்றே செய்த பெல்ட். கெவ்லார் என்று பெயர் சொல்லி விற்பது இதைத்தான். கெவ்லார் என்பது டுபாண்ட் கம்பெனி அராமிட் இழைக்கு வைத்த பெயர். எங்கள் முதல் தேர்வு இதுவே, தயக்கமில்லை. அதிர்ச்சியில் நீளாது, முதுகு வளைவைத் தாங்கும், உறை கிளட்ச் வேலைக்கு ஏற்ற மாதிரி இருக்கும். ஆனால் நீளாது என்பதாலேயே அளவில் இரக்கம் காட்டாது. சாதாரணப் பெல்ட்டை அரை இன்ச் சின்னதாக மாட்டிவிட்டால்கூட ஓட ஓட இழுபட்டு எப்படியோ சரிக்கட்டும். அராமிட் அப்படி விட்டுக்கொடுக்காது. லீவரை விட்டாலும் பிளேடு நிற்காமல் சுற்றும், அது ஆபத்து.

நிறத்தை நம்பி வாங்காதீர்கள். கேட்ஸ் பவர்ரேட்டட் பச்சை என்பது உண்மை. அதற்காகப் பச்சை, நீலம், சிவப்பு எல்லாமே அராமிட் ஆகிவிடாது, சாயம் யார் வேண்டுமானாலும் போடலாம். பழைய பெல்ட்டைக் கூரான பிளேடால் குறுக்கே வெட்டிப் பாருங்கள். வெட்டுமுகத்தின் மேல்பாதியில் கயிறுகள் புள்ளி புள்ளியாக வரிசையாகத் தெரியும். மஞ்சளாக, வைக்கோல் நிறத்தில் இருந்தால் அராமிட். வெள்ளையாக இருந்தால் பாலியெஸ்டர். மெஷினோடு வந்த முதல் பெல்ட் எது என்பதும் இதிலேயே தெரிந்துவிடும். அதில் மஞ்சள் இருந்தால் புதிதும் மஞ்சளாகத்தான் இருக்க வேண்டும், அங்கே சிக்கனம் பார்க்கக் கூடாது.

அராமிட் இழைக்கு ஒரு பலவீனம் உண்டு. இழுத்தால் தாங்கும், மடித்தால் ஒடியும். கடையில் ஆணியில் மாதக்கணக்கில் தொங்கி ஒரே இடத்தில் கூர்மையாக மடிந்த பெல்ட், ரப்பர் பேண்ட் போட்டு இறுக்கிக் கட்டிய பெல்ட் இவற்றை வாங்காதீர்கள். கையில் எடுத்து முழுச் சுற்றும் விரலால் தடவிப் பார்த்தால் மடிப்பு தட்டுப்படும். கூரியரில் வருவதையும் பிரித்தவுடன் இப்படிச் சோதிக்க வேண்டும். எட்டு மாதிரி மடித்துச் சின்னக் கவரில் திணித்து அனுப்பியிருந்தால் திருப்பி அனுப்புங்கள்.

மூன்றாவது, மெஷின் கம்பெனியின் ஒரிஜினல். அளவில் சந்தேகமே இல்லை, மாட்டினால் உட்காரும். ஆனால் இந்த மெஷின்கள் நம் ஊரில் பரவலாக விற்பவை அல்ல. பெல்ட்டை வெளியிலிருந்து வரவழைக்க ஷிப்பிங், சுங்கம் எல்லாம் சேர்ந்தால் கடைப் பெல்ட் விலையைப் போலப் பல மடங்கு ஆகும், வந்து சேரும் வரை மெஷின் சும்மா கிடக்கும். அளவு வழக்கமான 4எல் வரிசைக்குள் இருந்தால் இந்தச் செலவு வீண். அளவு வரிசையில் அடங்காமல் இடைப்பட்டதாக இருந்தால் மட்டும் ஒரிஜினலுக்குப் போகலாம், போனால் இரண்டாக வாங்குங்கள்.

நாலாவது, பல்லுப் பெல்ட். ஏஎக்ஸ் என்றும், காருக்கு வருவது ஏவி13 என்றும் எண் போட்டிருக்கும். அடியில் பல் பல்லாக வெட்டு, பக்கத்தில் துணி கிடையாது, ரப்பர் அப்படியே தெரியும். ஜே.சி. ரோட்டில் கார் ஸ்பேர் கடைகளில் சட்டென்று கிடைக்கும். ஏவி13 வகையின் எண் மில்லிமீட்டரில், அதுவும் வெளிச் சுற்றளவு. 33 இன்ச் என்பது 838 மில்லிமீட்டர். விற்பவர் இதை "ஹெவி டியூட்டி" என்பார். பம்ப்புக்கும் ஆல்டர்னேட்டருக்கும் அது உண்மை, சின்ன புல்லியில் நன்றாக வளையும், சூடு குறையும். எட்ஜருக்கு வேண்டாம். பக்கத்து ரப்பர் புல்லிச் சுவரைக் கவ்விப் பிடிக்கும். லீவரை இழுத்தவுடன் பிளேடு ஒரே குதியாகக் குதிக்கும், சில சமயம் எஞ்சினே அணைந்துபோகும். லீவரை விட்டாலும் உரசிக்கொண்டே இருக்கும். எஞ்சின் ஓட ஓட, லீவர் விட்ட நிலையில், கால் பக்கத்தில் பிளேடு மெல்ல ஊர்வதைக் கண்ணால் பார்த்தவர்கள் இதை மறுபடி மாட்ட மாட்டார்கள்.

துண்டு துண்டாகக் கோர்த்து நீளம் கூட்டிக் குறைக்கும் லிங்க் பெல்ட்டும் உண்டு. லேத்துக்கு நல்லது. ஐட்லர் கிளட்ச்சில் அதன் கண்ணிகள் காவல் கம்பியில் தட்டும். பட்டியலில் சேர்க்கவில்லை.

எங்கே வாங்குவது

எஸ்.பி. ரோடு முதல் இடம். பேரிங், பெல்ட், ஆயில் சீல் மூன்றையும் ஒரே நடையில் முடிக்கலாம். வண்டியில் போனால் நிறுத்த இடம் தேடியே பாதி நாள் போகும், பச்சை மெட்ரோவில் சிக்பேட்டையிலோ கே.ஆர். மார்க்கெட்டிலோ இறங்கி நடப்பது புத்திசாலித்தனம். பீன்யாவிலும் தொழிற்சாலைகளுக்கு விற்கும் பெல்ட் டீலர்கள் இருக்கிறார்கள், அதே பச்சை லைன்தான். அங்கே ஒரு கூடுதல் வசதி, புல்லி தேய்ந்திருந்தால் பக்கத்திலேயே லேத் பட்டறையில் புதிதாகக் கடைந்து வாங்கிவிடலாம். ஞாயிற்றுக்கிழமை இரண்டு இடத்துக்கும் போகாதீர்கள்.

பழைய பெல்ட்டைக் கையோடு கொண்டுபோங்கள், அறுந்திருந்தாலும் சரி. அதைவிட முக்கியம், கடைக்காரரிடம் மெஷின் பெயரைச் சொல்லி நேரத்தைப் போக்காதீர்கள், எட்ஜர் என்றால் அவருக்கு வேறு ஏதாவது தோன்றும். "ஏ31, ராப்டு, கெவ்லார் கயிறு, ஐட்லர் கிளட்ச்சுக்கு" என்று நாலு சொல்லில் கேட்டால் (ராப்டு என்றால் துணி சுற்றியது) சரியான அட்டைப்பெட்டிக்குக் கை போகும். அராமிட் ஸ்டாக்கில் இல்லை, வரவழைக்க வேண்டும் என்பார்கள், பெரும்பாலும் அப்படித்தான். அதனால்தான் அறுந்த பிறகு தேடக் கூடாது. மே மாத மழைக்குப் பிறகு புல் ஓட்டமாக வளரத் தொடங்கும். பெல்ட்டைப் பார்த்து மாற்றும் வேலை ஏப்ரலிலேயே முடிந்திருக்க வேண்டும்.

மாற்றும் வேலையை வீட்டுக்கே வந்து செய்துதரும் சர்வீஸ்காரர்களும் இருக்கிறார்கள். அவர்களைக் கூப்பிடுவதானால் பெல்ட்டை நீங்கள் வாங்கி வைத்துவிடுங்கள். பெல்ட்டையும் அவர்களே கொண்டுவரட்டும் என்று விட்டால் வண்டிப் பெட்டியில் இருக்கிற ஏதோ ஒரு பல்லுப் பெல்ட் மெஷினில் ஏறிவிடும். முடித்ததும் கிளம்ப விடாமல் ஒரு சோதனை: எஞ்சினை முழு வேகத்தில் விட்டு, லீவரை விட்டு, பிளேடு அசையாமல் நிற்கிறதா என்று உங்கள் முன்னால் காட்டச் சொல்லுங்கள். காட்டத் தயங்கினால் வேலை முடியவில்லை என்று அர்த்தம்.

மாட்டும் முறை

எஞ்சின் நன்றாக ஆறட்டும். முதல் வேலை பிளக் கேப்பைப் பிடுங்கித் தள்ளி வைப்பது. பிளேடைக் கையால் திருப்பும்போது பெல்ட் வழியாக எஞ்சினும் திரும்பும், சூடான எஞ்சின் ஒரு அரைச் சுற்றிலேயே உதறிவிடக்கூடும். பெரும்பாலான மெஷினில் பெல்ட் கவர் பக்கவாட்டில் இருப்பதால் சாய்க்கத் தேவையில்லை. சாய்த்தே ஆக வேண்டுமென்றால் பெட்ரோலை வடித்துவிட்டு, ஏர் ஃபில்டரும் பிளக்கும் மேல் பக்கம் வருமாறு சாயுங்கள். மாற்றிச் சாய்த்தால் ஆயில் ஃபில்டரை நனைக்கும், அப்புறம் மெஷின் வெள்ளைப் புகையாகக் கக்கும்.

அமெரிக்க மெஷின் என்றால் இன்ச் ஸ்பேனர் வேண்டும்: மூணு நூல், மூன்றரை நூல், நாலு நூல். 11 மில்லிமீட்டர் ஸ்பேனர் மூன்றரை நூல் போல்ட்டில் ஏறக்குறைய உட்காரும், ஆனால் 13 மில்லிமீட்டரை நாலு நூல் போல்ட்டில் போட்டு வலுவாகத் திருகினால் தலை வழவழவென்று ஆகிவிடும். கவர் போல்ட்டுகள் செம்மண்ணும் ஈரமும் கலந்து இறுகியிருக்கும், துரு எண்ணெய் அடித்துக் கால் மணி நேரம் விடுங்கள்.

கவர் வந்ததும் எதையும் தொடுமுன் போனில் மூன்று படம்: நேராக ஒன்று, எஞ்சின் பக்கத்திலிருந்து ஒன்று, ஸ்பிரிங் எந்த ஓட்டையில் மாட்டியிருக்கிறது என்று ஒன்று. கடைசிப் படத்தைத்தான் எல்லோரும் விட்டுவிடுகிறார்கள். ஐட்லர் ஸ்பிரிங்குக்கு ஒன்றுக்கு மேற்பட்ட ஓட்டை உள்ள மெஷின்களில் மாற்றி மாட்டினால் பெல்ட் இறுக்கமே மாறிவிடும்.

லீவரை விட்ட நிலையில் ஐட்லரைக் கையால் தள்ளிப் பிடித்துக்கொண்டு பெல்ட்டைப் பெரிய புல்லியிலிருந்து முதலில் உருட்டிக் கழற்றுங்கள். காவல் கம்பி குறுக்கே நின்றால் அதன் போல்ட்டைத் தளர்த்தித் திருப்பி வைக்கலாம், வளைக்கக் கூடாது. பிளேடைக் கழற்றினால்தான் வழி கிடைக்கும் என்றால் கையுறை போட்டு, பிளேடை ஒரு மரக்கட்டையால் முட்டுக்கொடுத்து நட்டைத் திறக்கவும். சில மெஷினில் அது இடது மரை, வழக்கத்துக்கு எதிர்ப்பக்கம் திருப்பினால்தான் திறக்கும். வெளியே தெரியும் மரைச் சரிவைப் பார்த்துவிட்டுத்தான் ஸ்பேனரைப் போட வேண்டும். வாஷர்கள் வந்த வரிசையிலேயே ஒரு கம்பியில் கோர்த்து வையுங்கள்.

இப்போது புதுப் பெல்ட்டை எடுக்கும் நேரமல்ல, பார்க்கும் நேரம். புல்லிக் காடியைத் துணியால் துடைத்து வெளிச்சத்தில் பாருங்கள். அடிப்பகுதி கண்ணாடி மாதிரிப் பளபளத்தால் பழைய பெல்ட் அடியில் உட்கார்ந்திருக்கிறது, சுவர் தேய்ந்துவிட்டது. புதுப் பெல்ட்டை வைத்துப் பார்த்தால் அதன் முதுகு புல்லி விளிம்புக்குச் சமமாகவோ சற்று மேலாகவோ நிற்க வேண்டும். ஒன்றரை மில்லிமீட்டருக்கு மேல் உள்ளே இறங்கினால் புல்லியை மாற்றாமல் பெல்ட் மாற்றுவது காசைக் கரைப்பது. கடைந்து வாங்கும்போது விட்டம் மாறக் கூடாது. எஞ்சின் புல்லி பத்தில் ஒரு பங்கு பெரிதானால் பிளேடு வேகமும் பத்தில் ஒரு பங்கு கூடும். சாவிக் காடியையும் (புல்லி ஷாஃப்ட்டில் வழுக்காமல் பிடிக்கும் சாவித்துண்டு உட்காரும் பள்ளம்) மறக்காமல் வெட்டச் சொல்லுங்கள், முக்கால் இன்ச் ஷாஃப்ட்டுக்கு வழக்கமாக ஒன்றரை நூல் சாவி. துரு மட்டும் என்றால் மெல்லிய எமரி பேப்பரால் சுற்றித் தேய்த்தால் போதும். கரடுமுரடான காடி புதுப் பெல்ட்டின் துணியை அரம் மாதிரி ராவிவிடும்.

ஐட்லரைக் கையால் சுண்டி விடுங்கள். அமைதியாகச் சுற்றி நிற்க வேண்டும். கரகரவென்றால் பேரிங் போயிற்று. பேரிங் பக்கத்தில் எண் இருக்கும். 6203 என்றால் 17க்கு 40க்கு 12 மில்லிமீட்டர், 6202 என்றால் 15க்கு 35க்கு 11. இரண்டு பக்கமும் ரப்பர் சீல் உள்ள 2ஆர்எஸ் கேளுங்கள். தகடு மூடிய இசட்இசட் மலிவு, ஆனால் நம் செம்மண் தூளை அது தடுக்காது. பிளேடு ஷாஃப்ட்டையும் மேலும் கீழும் ஆட்டிப் பாருங்கள். அங்கே ஆட்டம் இருந்தால் பெல்ட் கோணலாக ஓடித்தான் தீரும். எஞ்சின் புல்லிக்குப் பின்னால் ஆயில் ஈரம் தெரிந்தால் சீல் கசிகிறது. எண்ணெய் பட்ட ரப்பர் ஊறி உப்பும், எந்த விலைப் பெல்ட்டும் அதில் நிலைக்காது.

மாட்டும்போது எஞ்சின் புல்லியில் முதலில், பிறகு ஐட்லரின் சரியான பக்கத்தில், கடைசியாகப் பிளேடு புல்லியில் உருட்டி ஏற்றுங்கள். ஸ்க்ரூ டிரைவரை நெம்புகோலாக்கி ஏற்றவே கூடாது. வெளியே காயம் தெரியாது, உள்ளே ஓரக் கயிறு ஒன்று அறுந்திருக்கும். சில மணி நேர ஓட்டத்தில் பெல்ட் புரண்டு தலைகீழாக ஓடும். தானாகக் கையால் ஏறவில்லை என்றால் ஐட்லர் முழுக்க விலகவில்லை, அல்லது பெல்ட் சின்னது.

ஏறிய பிறகு இரும்பு ஸ்கேலை இரண்டு புல்லிகளின் முகத்திலும் படிய வைத்து நேராக இருக்கிறதா என்று பாருங்கள். எஞ்சின் புல்லி விலகியிருந்தால் அதை ஷாஃப்ட்டோடு பிடித்திருக்கும் கிரப் ஸ்க்ரூவை ஆலன் சாவியால் தளர்த்தி நகர்த்தலாம். லீவரை இழுத்துப் பாருங்கள். ஐட்லர் கை தன் ஓட்டத்தின் நடுப்பகுதியில் நின்றால் நீளம் சரி. கடைசி எல்லையில் முட்டினால் பெல்ட் நீளம். அசையவே மறுத்தால் சின்னது. லீவரை விட்டுப் பிளேடைக் கையால் சுற்றினால் தடையில்லாமல் சுற்ற வேண்டும். ஐட்லர் ஸ்பிரிங் இல்லாமல் இரண்டு புல்லிகளின் மையத்தூரத்தை மாற்றி இறுக்கும் மெஷின் என்றால், இரண்டு புல்லிக்கு நடுவே பெல்ட்டை விரலால் அழுத்தினால் 25 சென்டிமீட்டர் நீளத்துக்கு சுமார் 4 மில்லிமீட்டர் இறங்கலாம்.

கவரை மூடிய பிறகுதான் பிளக் கேப். முதல் பத்து நிமிஷம் மண்ணில் இறக்காமல் லீவரை இழுத்து, விட்டு, இழுத்து ஓட்டுங்கள். அணைத்து, கேப்பைப் பிடுங்கி, மறுபடி கவரைத் திறந்து கம்பி இடைவெளியைப் பாருங்கள். கருப்புத் தூள் கொஞ்சம் உதிர்ந்திருப்பது இயல்பு. ஒரு பக்கம் மட்டும் கோடாகப் படிந்திருந்தால் புல்லி நேரில்லை.

கழற்றிய பெல்ட்டில் தெரிவது

பக்கச் சுவர் இரண்டும் பளபளவென்று கெட்டியாக இருந்தால் வழுக்கி வழுக்கி ஓடியிருக்கிறது. ஒரே இழுப்பில் பிளேடை முழு ஆழத்துக்கு இறக்குகிறவர்களின் பெல்ட் இப்படித்தான் ஆகும். கொரியன் புல் வேர் பின்னிய ஓரத்தில் இரண்டு மூன்று தடவையாக ஆழம் கூட்ட வேண்டும். ஒரே ஒரு இடத்தில் மட்டும் கருகிப் பள்ளம் விழுந்திருந்தால் பிளேடு சப்படிக் கல்லிலோ (பலகைக் கல்) சொட்டு நீர்க் குழாயிலோ மாட்டி நின்றபோது லீவரை விடாமல் பிடித்திருக்கிறார்கள். புல்லி சுற்ற, பெல்ட் நிற்க, இரண்டு மூன்று விநாடியில் அந்த இடம் வெந்துவிடும். பார்டர் கல் மண்ணுக்கடியில் புதைந்திருக்கும் பழைய லேஅவுட்டுகளில் இது சகஜம், கம்பியால் குத்திப் பார்த்துவிட்டுத்தான் மெஷினை இறக்க வேண்டும்.

ஒரு ஓரம் மட்டும் நார் நாராகப் பிரிந்திருந்தால் புல்லி கோணல். பிளேடைச் சாய்த்துச் சரிவாக வெட்டும் வசதியுள்ள மெஷினில் சாய்த்தபடியே நாள் முழுக்க ஓட்டினாலும் இப்படி வரும். அங்கே பெல்ட்டைக் குறை சொல்ல முடியாது. அடியில் குறுக்கு விரிசல் என்றால் வயசும் சூடும். மெஷினை மொட்டை மாடியில் வெயிலில் போட்டு வைக்கிறவர்கள் இதை அடிக்கடி பார்ப்பார்கள். உப்பி, தொட்டால் பிசுபிசுத்தால் ஆயில் சீலைப் பாருங்கள். அராமிட் பெல்ட் எந்தத் தேய்மானமும் காட்டாமல் பட்டென்று அறுந்திருந்தால், வாங்கும்போதே மடிப்பு விழுந்த பெல்ட் அது.

கையிருப்புப் பெல்ட்டை ஆணியில் தொங்கவிடாமல் ஒரு காலி பெயிண்ட் டப்பாவைச் சுற்றி, நிழலில், பெட்ரோல் கேனுக்குத் தள்ளி வையுங்கள். மாட்டிய பெல்ட்டின் எண்ணையும் தேதியையும் கவரின் உள்பக்கத்தில் பெயிண்ட் மார்க்கரால் எழுதிவிட்டால் அடுத்த முறை சாக்பீஸ் தேவைப்படாது.